பக்கத்து வீட்டுக்காரர் எப்போது நம்மவர் ஆகிறார்?



போன ஆகஸ்டு மாதம், ஆசியான் தினத்தை ஒட்டி எங்கள் பாலோ கோயில் மண்டபத்தில் ஞாயிறு வகுப்பு நடத்தினேன். ‘ஒரே நோக்கு, ஒரே அடையாளம், ஒரே சமூகம்’ என்று வெண்பலகையில் பெரிதாக எழுதினேன். அதுதான் ஆசியானின் அதிகாரப்பூர்வ முழக்கம். எழுதி முடித்துத் திரும்புவதற்குள் நான்காம் படிவம் படிக்கும் தங்கச்சி ஒருத்தி கையைத் தூக்கிவிட்டாள்.

“அண்ணே, நான் தமிழ். இந்து. மலேசியர். இந்த மூணையும் ஆளாளுக்கு விளக்கிச் சொல்றதுக்கே எனக்கு நேரம் பத்தல. இதுல நாலாவதா ஆசியான்னு ஒண்ணு எதுக்கு? யாருக்கு வேணும் அது?”

மண்டபமே சிரித்தது. நானும் சிரித்துச் சமாளித்தேன். எஸ்.பி.எம். தேர்வுக்குப் படிப்பது போல வரிசையாகச் சொன்னேன். 1967 ஆகஸ்டு 8, பாங்காக். இந்தோனேசியா, மலேசியா, பிலிப்பைன்ஸ், சிங்கப்பூர், தாய்லாந்து என்று ஐந்து நாடுகள். பிறகு 1984இல் புருணை, 1995இல் வியட்நாம், 1997இல் லாவோசும் மியன்மாரும், 1999இல் கம்போடியா. தங்கச்சி எல்லாவற்றையும் எழுதிக்கொண்டாள். ஆனால் முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது, கேட்டதற்குப் பதில் கிடைக்கவில்லை என்று.

அன்று என் பையில் ஒரு கடிதம் இருந்தது. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். முதலில் வீட்டுக்குப் போய் இந்தக் கேள்வியை என் தாத்தாவிடம் கேட்ட கதையைச் சொல்லிவிடுகிறேன்.

லாபிஸ், 1964

தாத்தாவுக்கு இப்போது 83 வயது. இளவயதில் லாபிஸ் பக்கம் ஒரு தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். லாபிஸ் எங்களுக்குத் தூரத்து ஊர் இல்லை. பாலோவில் ரயில் ஏறி வடக்கே போனால் பெக்கோக், அதற்கடுத்து லாபிஸ்.

“ஆசியானா? அதெல்லாம் எனக்குத் தெரியாதுப்பா. இந்தோனேசியாக்காரன் வானத்துலேர்ந்து குதிச்சது தெரியும்” என்றார்.

பாடப்புத்தகத்தில் இது சில வரிகளோடு முடிந்துவிடும். கொஞ்சம் விரிவாகப் பார்ப்போம். 1963 செப்டம்பர் 16இல் மலாயா, சிங்கப்பூர், சபா, சரவாக் சேர்ந்து மலேசியா பிறந்தது. அதிபர் சுகர்ணோவின் இந்தோனேசியா இதை ஏற்கவில்லை. பிரிட்டிஷ்காரர்கள் வேறு பெயரில் இங்கேயே தங்கிவிடச் செய்யும் ஏற்பாடு இது என்றது. ‘மலேசியாவை நசுக்குவோம்’ என்ற முழக்கம் எழுந்தது. ‘கொன்ஃப்ரொன்தாசி’ என்று நாம் படிக்கும் மோதல் இதுதான்.

சண்டை பெரும்பாலும் போர்னியோ எல்லைக் காடுகளில்தான் நடந்தது. ஆனால் 1964 ஆகஸ்டு 17இல் இந்தோனேசியப் படையினர் கடல் வழியாக வந்து நம் ஜொகூரின் பொந்தியான் கரையில் இறங்கினார்கள். இரண்டு வாரம் கழித்து, செப்டம்பர் 2ஆம் தேதி விடிவதற்கு முன்னால், ஏறக்குறைய நூறு பேர் லாபிஸ் வட்டாரத்தில் பாராசூட்டில் குதித்தார்கள். இடியும் மழையுமான இரவு. ஆட்கள் ஒன்றாக விழாமல் காட்டிலும் தோட்டத்திலும் சிதறிப் போனார்கள். மறுநாள் நாடு முழுவதும் அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. மலேசியப் படையோடு கூர்க்காக்களும் நியூசிலாந்துப் படையினரும் தேடலில் இறங்கினார்கள். அடுத்த சில வாரங்களில் வந்தவர்களில் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள் அல்லது பிடிபட்டார்கள்.

தாத்தா சொன்னது வேறு ஒரு விஷயம்.

“குதிச்சவனுங்கள நாங்க யாரும் கண்ணால பாக்கல. லயத்துக்குப் பக்கத்துல ஒரு ஜாவாக்காரர் இருந்தாரு. சின்ன வயசுலயே அங்கேர்ந்து வந்தவரு. மரவள்ளியும் வாழையும் போட்டு வித்துக்கிட்டிருந்தாரு. நம்ம வீட்டு விசேஷம்னா காசு வாங்காம இலை அறுத்துக் குடுப்பாரு. அந்த மாசம் அவர்கிட்ட யாரும் எதுவும் வாங்கல. நானும் வாங்கல. ஒருவேளை அவரு அந்த ஆளுங்களுக்குச் சோறு போடுறாரோன்னு ஒரு பேச்சு. நிஜமா பொய்யான்னு யாரும் விசாரிக்கல.”

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். “அப்புறம் சரியாயிடுச்சு. ஆனா அவரு அதுக்கப்புறம் இலை குடுக்கல” என்றார்.

பாங்காக், 1967

இப்போது தேதிகளைக் கவனியுங்கள். லாபிஸில் பாராசூட் இறங்கியது 1964 செப்டம்பர். மலேசியாவும் இந்தோனேசியாவும் மோதலை முடித்துக்கொண்டு ஜகார்த்தாவில் கையெழுத்திட்டது 1966 ஆகஸ்டு 11. நம் பக்கம் துன் அப்துல் ரசாக், அந்தப் பக்கம் ஆடம் மாலிக். அடுத்த ஆண்டு ஆகஸ்டு 8இல் அதே இருவரும் பாங்காக்கில் ஒரே மேசையில் உட்கார்ந்து ஆசியான் பிரகடனத்தில் கையெழுத்திட்டார்கள். பாராசூட் இறங்கி மூன்று வருடத்தில் கூட்டாளி.

அந்த மேசையில் மற்றவர்களுக்குள்ளும் உரசல் இருந்தது. பிலிப்பைன்ஸ் சபாவைத் தனக்குரியது என்று கேட்டுக்கொண்டிருந்தது. சிங்கப்பூர் மலேசியாவை விட்டுப் பிரிந்து இரண்டே வருடம். ஆகவே ஒற்றுமை இருந்ததால் ஆசியான் பிறந்தது என்று யாராவது மேடையில் சொன்னால் நம்பாதீர்கள். மறுபடியும் இப்படி அடித்துக்கொண்டால் எல்லாரும் அழிவோம் என்ற பயத்தில் பிறந்த அமைப்பு அது.

கையெழுத்திட்ட ஐவரில் தாய்லாந்தின் தனாட் கோமன், பிலிப்பைன்ஸின் நார்சிசோ ராமோஸ் ஆகியோரோடு சிங்கப்பூரின் எஸ்.ராஜரத்தினம் இருந்தார். இந்தப் பெயரை நம் பிள்ளைகள் தெரிந்துகொள்ள வேண்டும். 1915இல் யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டையில் பிறந்த தமிழர். கைக்குழந்தையாக மலாயாவுக்கு வந்து சிரம்பானில் வளர்ந்தார். அப்பா ரப்பர் தோட்டத்தில் வேலை பார்த்தவர். நம்மைப் போலத் தோட்டத்து வாடை தெரிந்த ஒருவர்தான் ஆசியானைத் தொடங்கி வைத்த ஐவரில் ஒருவர்.

அன்று அவர் ஒரு முக்கியமான கருத்தைச் சொன்னார். இனி நாம் இரண்டு தளத்தில் யோசிக்கப் பழக வேண்டும். நம் நாட்டுக்கு எது நல்லது என்பது ஒரு தளம். அது இந்த வட்டாரத்துக்கும் நல்லதா என்பது இன்னொன்று. சில நேரம் இரண்டாவதற்காக முதலாவதைக் கொஞ்சம் விட்டுக்கொடுக்க நேரலாம். இந்தப் புது யோசனை நமக்குக் கஷ்டமாக இருக்கும் என்பதுதான் அதன் சாரம். தங்கச்சியின் கேள்விக்கான பதில் இங்கேதான் தொடங்குகிறது.

நம் எல்லாருக்கும் பொதுவான சொத்து

‘ஆசியான் அடையாளம் என்று தனியாக உருவாக்க வேண்டுமா? அதுதான் ஆயிரம் வருடமாக இருக்கிறதே!’ என்று சிலர் கேட்பார்கள். இந்து இளைஞர்களாகிய நமக்கு அப்படித் தோன்றுவது இயல்பு.

ராமாயணத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தாய்லாந்தில் ராமகியன், கம்போடியாவில் ரியாம்கெர், லாவோசில் பிரா லாக் பிரா லாம், மலாயில் ஹிக்காயாட் ஸ்ரீ ராமா. பௌத்தர்களும் முஸ்லிம்களும் தங்கள் கதையாகவே சொல்லி வந்த ராமன் கதைகள் இவை. தாய்லாந்து மன்னர்கள் ‘ராமா’ என்ற பட்டத்தோடுதான் எண்ணப்படுகிறார்கள். கம்போடியக் கொடியில் இருப்பது அங்கோர் வாட். 12ஆம் நூற்றாண்டில் இரண்டாம் சூர்யவர்மன் விஷ்ணுவுக்காகக் கட்டிய கோயில். இந்தோனேசியாவின் அரசுச் சின்னம் கருடன்.

இன்னும் நெருக்கமான ஒன்றும் உண்டு. மார்கழியில் விடிகாலை எழுந்து நாம் திருவெம்பாவை பாடுகிறோமே, பாங்காக் அரண்மனைப் பிராமணர்கள் நடத்தும் ஒரு சடங்கின் பெயர் ‘திரியம்பவாய்’. திருவெம்பாவைதான் அங்கே அப்படி மருவிவிட்டது. தமிழ் என்று தெரியாமலே, தலைமுறை தலைமுறையாக மந்திரம் போல அவர்கள் அதை ஓதி வந்திருக்கிறார்கள்.

மொழியிலும் பாருங்கள். பாஹாசா, நெகாரா, குரு, மனுசியா எல்லாம் வடமொழி வழி வந்தவை. கெடாய் நம் கடை. காப்பால் நம் கப்பல். காத்தில் நம் கட்டில்.

இதையெல்லாம் படிக்கும்போது நெஞ்சு நிமிரும். நிமிரட்டும். ஆனால் இங்கே ஒரு வழுக்கல் இருக்கிறது. ‘எல்லாம் நாம் கொடுத்தது’ என்று பேச ஆரம்பித்துவிடுவோம். கொடுத்தவன் மேல், வாங்கியவன் கீழ் என்று ஆகிவிடும். தாய்லாந்துக்காரர் ராமகியனை நம்மிடம் வாங்கிய கடனாக நினைத்து ஆடவில்லை. அவருக்கு அது பாட்டி சொன்ன கதை.

கடாரத்தையும் அப்படித்தான் யோசித்துப் பார்க்க வேண்டும். 1025 வாக்கில் ராஜேந்திர சோழனின் கடற்படை ஸ்ரீவிஜயத்தின் துறைகளைத் தாக்கியது. ‘கடாரம் கொண்டான்’ என்று நாம் மேடையில் முழங்குகிறோம். கடாரம் என்பது நம் கெடா. அங்கே ஓடியவர்களும் செத்தவர்களும் யாருடைய முன்னோர்? இன்று நம்மோடு ஒரே வகுப்பில் படிக்கும் பிள்ளைகளின் முன்னோராக இருக்கலாம். கடல் தாண்டி வந்த அந்தப் படையை நாம் கொண்டாடுகிறோம். தாத்தா காலத்தில் பாராசூட்டில் வந்தவர்களை வேறு மாதிரி பேசுகிறோம். பெருமைப்படும்போது இந்த இரண்டையும் சேர்த்து நினைத்துக்கொண்டால் நம் குரல் கொஞ்சம் இறங்கும்.

சொத்து மட்டும் போதுமா?

பொதுவான பண்பாடு இருந்தால் தானாக ஒற்றுமை வருமா? மலேசியாவை நசுக்கக் கிளம்பிய சுகர்ணோவின் பெயரில் இருப்பது நம் மகாபாரதக் கர்ணன். கர்ணன் பெயரை வைத்தவர்தான் லாபிஸுக்கு ஆள் அனுப்பினார்.

இன்னும் வலிக்கிற உதாரணம் தாய்லாந்தும் கம்போடியாவும். இரண்டுக்கும் ராமாயணம் உண்டு, பௌத்தம் உண்டு. இரண்டும் எல்லையில் எதற்காக மோதுகின்றன தெரியுமா? பழைய சிவன் கோயில்களும் அவற்றைச் சுற்றிய நிலமும் அந்தச் சண்டையின் நடுவில் இருக்கின்றன. பிரியா விகார் கோயில் கம்போடியாவுக்கே உரியது என்று அனைத்துலக நீதிமன்றம் 1962இல் தீர்ப்பளித்தது. அது யுனெஸ்கோ பட்டியலில் ஏறிய 2008ஆம் ஆண்டிலிருந்து மறுபடியும் துப்பாக்கிச் சூடு. 2025 ஜூலையில் தா முவென் தோம் என்ற இன்னொரு சிவன் கோயிலுக்கு அருகே தொடங்கிய மோதலில் பலர் மாண்டார்கள். இலட்சக்கணக்கானோர் வீடு வாசலை விட்டு ஓடினார்கள்.

அப்போது ஆசியான் தலைமை மலேசியாவிடம் இருந்தது. ஜூலை 28இல் புத்ராஜெயாவில் இரு நாட்டுத் தலைவர்களையும் உட்காரவைத்துப் போர்நிறுத்தம் பேசினார்கள். அக்டோபர் 26இல் கோலாலம்பூரில் இரு தரப்பும் கையெழுத்திட்டன. அதே நாள்தான் திமோர் லெஸ்தே 11ஆவது உறுப்பு நாடாகச் சேர்ந்தது. டிசம்பரில் எல்லையில் மறுபடியும் சண்டை வெடித்தது. மாதக் கடைசியில் மறுபடியும் ஒப்பந்தம்.

இதைப் பார்த்து ‘ஆசியானால் ஒரு பயனும் இல்லை’ என்று சொல்லலாம். மியன்மாரில் 2021 பிப்ரவரியில் இராணுவம் ஆட்சியைப் பிடித்தது. அதற்காக ஆசியான் எழுதிய ஐந்து அம்ச உடன்பாடு இன்றுவரை தாளில்தான் நிற்கிறது. அந்தக் குறையை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் இன்னொரு பக்கமும் பாருங்கள். இந்தியா, பாகிஸ்தான், இலங்கை எல்லாம் சேர்ந்து 1985இல் தொடங்கிய சார்க் அமைப்பு இருக்கிறது. உணவு, பாட்டு, மொழி, சாமி என்று அவர்களுக்குள் பொதுவானவை நம்மைவிட அதிகம். ஆனால் 2014 காட்மாண்டு மாநாட்டுக்குப் பிறகு அவர்களின் தலைவர்கள் சார்க் மாநாடு என்று கூடவே இல்லை. ஆசியான் தலைவர்கள் சண்டையின் நடுவிலும் கூடுகிறார்கள். ஒப்பந்தம் கிழிந்தால் மறுபடியும் உட்காருகிறார்கள். வட்டார அடையாளத்தைக் காப்பாற்றி வைத்திருப்பது இந்த உட்காரும் பழக்கம்தான்.

என் பையில் இருந்த கடிதம்

இப்போது அந்தக் கடிதத்துக்கு வருகிறேன்.

எங்கள் ஊர்த் திடலில் ஞாயிறு மாலை நம் பையன்கள் பந்து விளையாடுவார்கள். கொஞ்ச காலமாகச் செம்பனைத் தோட்டத்து வெளிநாட்டுத் தொழிலாளர்களும் அங்கே வர ஆரம்பித்தார்கள். இந்தோனேசியர், மியன்மார்க்காரர், பங்களாதேஷ்காரர் என்று எல்லாரும் உண்டு. வாரத்தில் அவர்களுக்கு ஒரு நாள்தான் ஓய்வு. ஒரு வாரம் இடத்துக்காக வாய்ச்சண்டை. அடுத்த வாரம் தள்ளுமுள்ளு. “இந்தோன்காரன்லாம் வந்து நம்ம பாடாங்க பிடிச்சிக்கிட்டானுங்க அண்ணே, ஏதாச்சும் பண்ணுங்க” என்று தம்பிகள் வந்தார்கள்.

நான் பண்ணினேன். வெளிநாட்டுத் தொழிலாளர்களைத் திடலுக்குள் விடக்கூடாது என்று நல்ல மலாயில் ஒரு கடிதம் எழுதினேன். நாற்பத்து மூன்று கையெழுத்து வாங்கினேன். திங்கட்கிழமை கொடுப்பதாக இருந்தேன். ‘ஒரே சமூகம்’ என்று வெண்பலகையில் எழுதிய அந்த ஞாயிற்றுக்கிழமை அது என் பையில்தான் இருந்தது.

தாத்தா லாபிஸ் கதையை முடித்ததும் நானாகவே அதை எடுத்துக் காட்டினேன். தாத்தாவுக்கு மலாய் படிக்கத் தெரியும். மெதுவாகப் படித்தார். மடித்துத் திருப்பிக் கொடுத்தார்.

“எங்கப்பா ரஜூலா கப்பல்ல வந்தாரு. பெரியப்பாவ ஜப்பான்காரன் சயாமுக்கு ரயில் பாதை போடக் கூட்டிக்கிட்டுப் போனான். அவரு எலும்பு சயாம்ல கிடக்கோ பர்மாவுல கிடக்கோ, யாருக்குத் தெரியும். அங்க உள்ளவன் யாராச்சும் அவருக்கு ஒரு வாய் தண்ணி குடுத்திருப்பான்னுதான் நான் நினைச்சிக்கிட்டிருக்கேன்” என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

சயாம் மரண ரயில் பற்றி நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள். 1942, 43இல் தாய்லாந்துக்கும் பர்மாவுக்கும் நடுவே 415 கிலோமீட்டர் பாதை. மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டு போகப்பட்ட தமிழர்கள் பல்லாயிரக்கணக்கில் அங்கே செத்தார்கள். அந்த நாடுகள் நமக்கு அந்நியம் என்று சொல்வதற்கு முன்னால் இதை நினைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது.

கடிதத்தை நான் கொடுக்கவில்லை. அடுத்த ஞாயிறு நானும் இரண்டு தம்பிகளும் திடலுக்குப் போய், அவர்களில் மலாய் நன்றாகப் பேசும் ஒரு மேடான்காரரோடு உட்கார்ந்து பேசினோம். ஐந்து மணியிலிருந்து ஆறு வரை அவர்களுக்கு, ஆறிலிருந்து ஏழு வரை நமக்கு என்று முடிவானது. பந்தயம் ஒன்று வைத்தோம். ஒன்றுக்கு நான்கு என்று தோற்றோம்.

எல்லாம் சுபமாக முடிந்தது என்று எழுத ஆசைதான். ஆனால் கையெழுத்துப் போட்டவர்களில் இரண்டு தம்பிகள் வகுப்புக்கு வருவதை நிறுத்திவிட்டார்கள். “நம்ம ஆளுங்கள விட்டுக்குடுத்துட்டீங்க அண்ணே” என்று ஒருவன் சொன்னான். அந்தச் சொல் இன்னும் உறுத்துகிறது. அவன் கோபத்திலும் நியாயம் இருக்கிறது. நம் பிள்ளைகளுக்கு ஊரில் இருப்பதே அந்த ஒரு திடல்தான்.

தங்கச்சிக்குப் பதில்

ஆகவே தங்கச்சி, நீ கேட்ட கேள்விக்கு என் பதில் இது. ஆசியான் என்பது மற்ற மூன்றையும் தள்ளிவிட்டு உட்கார வரும் நாலாவது ஆள் இல்லை. நீ தமிழாகவே இரு, இந்துவாகவே இரு, மலேசியராகவே இரு. ஒரு முடிவு எடுக்கும்போது, அதனால் பக்கத்தில் இருப்பவருக்கு என்ன ஆகும் என்று கூடுதலாக ஒரு தடவை யோசிக்கும் பழக்கம்தான் அந்த நாலாவது. ராஜரத்தினம் சொன்ன இரண்டு தளமும் இதுதான். அரசாங்கங்கள் அதை மாநாட்டில் செய்கின்றன. நமக்கு மாநாடு இல்லை. திடல் இருக்கிறது, கடை இருக்கிறது, ரயில் நிலையம் இருக்கிறது.

ஆசியான் கொடியின் நடுவில் இருப்பது கட்டி வைத்த பத்து நெற்கதிர்கள். அறுப்பு முடிந்த வயலில் கதிர் தானாகக் கட்டாகிவிடாது. யாராவது குனிந்து அள்ளிக் கட்ட வேண்டும். ஜாவாக்காரரிடம் தாத்தா மறுபடியும் போய்ப் பேசவே இல்லை. அறுபது வருடமாக அது அவர் மனத்தில் கிடக்கிறது. நமக்கு அப்படி ஒன்று மிஞ்சக்கூடாது.

வகுப்பில் கலந்து பேச

1. உங்கள் வீட்டுப் பெரியவர்களிடம் 1964 பற்றியும் சயாம் ரயில் பற்றியும் கேளுங்கள். அவர்கள் சொல்வதை அவர்கள் பேச்சிலேயே எழுதி வாருங்கள்.

2. ‘கடாரம் கொண்டான்’ என்ற பட்டத்தைக் கெடாவில் பிறந்த ஒரு நண்பரிடம் எப்படி விளக்குவீர்கள்?

3. பங்களாதேஷும் நேப்பாளமும் ஆசியானில் இல்லை. அப்படியென்றால் திடலில் அவர்களுக்கு இடம் உண்டா? காரணத்தோடு சொல்லுங்கள்.

4. அந்த இரண்டு தம்பிகளின் பக்கம் நின்று பேசுங்கள். அவர்களைத் திரும்ப வகுப்புக்கு அழைக்க நான் என்ன செய்திருக்க வேண்டும்? இதற்கு மட்டும் எனக்கும் பதில் தேவைப்படுகிறது. எழுதி அனுப்புங்கள்.